ஃபாஸ்பிண்டர் ஏன் போரை விட்டுவிட்டு 1950களைப் படமெடுத்தார்?

நெய்தல்நிலம் (இழையைத் தொடங்கியவர்)

ஜெர்மானியத் திரைப்பட இயக்குநர் ரைனர் வெர்னர் ஃபாஸ்பிண்டர் 1945 மே 31 அன்று, ஜெர்மனி சரணடைந்து மூன்று வாரங்கள் கடந்திருந்த நேரத்தில், பவேரியாவின் பாட் வோரிஸ்ஹோஃபென் என்னும் சிற்றூரில் பிறந்தார். ஹிட்லரின் ஆட்சியில் ஒரு நாள்கூட வாழாத, ஆனால் அந்த ஆட்சியில் படித்து, உழைத்து, வாழ்த்து முழக்கமிட்டு, பிறகு வாய்மூடிக்கொண்டவர்களால் வளர்க்கப்பட்ட தலைமுறையைச் சேர்ந்தவர் அவர். 1982 ஜூன் 10 அன்று, 37 வயதில், மியூனிக்கில் இறப்பதற்குள் தொலைக்காட்சிக்காக எடுத்தவற்றையும் சேர்த்து 40க்கும் மேற்பட்ட படங்களை முடித்திருந்தார். அவரைப் பற்றிப் பேசத் தொடங்கினால் பேச்சு விரைவிலேயே அவருடைய போதைப் பழக்கத்திற்கும் காதல்களுக்கும் சென்றுவிடுகிறது. அவற்றை இங்கே விட்டுவிட்டு, அவர் தன் நாட்டைப் பற்றி என்ன சொன்னார் என்பதை மட்டும் பேச விரும்புகிறேன்.

‘மரியா பிரவுனின் திருமணம்’ (1979), ‘லோலா’ (1981), ‘வெரோனிகா வோஸ்’ (1982) ஆகிய மூன்றும் மேற்கு ஜெர்மனியின் தொடக்க ஆண்டுகளைப் பற்றியவை. குற்றவாளி யார் என்று இவை தேடுவதில்லை. ஒரு நாடு தன் துக்கத்தையும் நினைவையும் ‘பிறகு பார்த்துக்கொள்ளலாம்’ என்று ஒதுக்கிவைத்துவிட்டு வேலைக்குப் புறப்பட்டால், அந்தத் தள்ளிவைப்பின் விலையை வீட்டுக்குள் யார் கொடுக்கிறார்கள் என்று கேட்கின்றன. என் பார்வையில் ஃபாஸ்பிண்டரின் வாழ்நாள் கேள்வியே இதுதான்.

மரியாவின் கதையை எடுத்துக்கொள்வோம். 1943இல் குண்டுமழைக்கு நடுவே ஹெர்மானை மணக்கிறாள். அரைப் பகலும் ஓர் இரவும் மட்டுமே சேர்ந்து வாழ்ந்தபின் அவன் போர்முனைக்குத் திரும்புகிறான். இறந்துவிட்டான் என்று செய்தி வருகிறது. அமெரிக்க வீரனான பில்லுடன் அவள் வாழத் தொடங்கிய பிறகு ஹெர்மான் உயிரோடு வந்து நிற்கிறான். அந்தத் தருணத்தில் அவள் பில்லைப் புட்டியால் அடித்துக் கொல்ல, பழியைத் தன்மேல் ஏற்றுக்கொண்டு ஹெர்மான் சிறைக்குப் போகிறான். அவன் வெளியே வரும் நாளுக்காகப் பணம் சேர்ப்பதே அவளுடைய வாழ்க்கையாகிவிடுகிறது. துணி ஆலை முதலாளியான ஓஸ்வால்டிடம் வேலைக்குச் சேர்ந்து, அவருக்குத் துணையாகி, பேரங்களில் ஆண்களை வென்று, வீடும் வாங்குகிறாள். தன் வாழ்வைத் தானே நடத்துவதாக முழுமையாக நம்புகிறாள். நடிகை ஹன்னா ஷிகுல்லாவின் நிமிர்ந்த நடையில் அந்த நம்பிக்கை தெரிகிறது.

ஓஸ்வால்ட் இறந்தபின் உயில் வாசிக்கப்படும்போதுதான் நமக்கும் அவளுக்கும் உண்மை தெரிகிறது. ஓஸ்வால்ட் சாகும்வரை மரியாவை அவரிடமே விட்டுவைப்பது என்றும், அதற்கு ஈடாகச் சொத்தில் பாதி ஹெர்மானுக்கு என்றும் இரண்டு ஆண்களும் அவளுக்குத் தெரியாமல் ஒப்பந்தம் செய்திருக்கிறார்கள். சிறையிலிருந்து வெளிவந்தவன் அவளிடம் வராமல் கனடாவுக்குப் போனதன் காரணமும், அங்கிருந்து மாதந்தோறும் வந்த ரோஜாவின் பொருளும் அப்போதுதான் விளங்குகின்றன. அவள் உழைத்துச் சேர்த்ததாக நினைத்திருந்த வாழ்க்கை, அவளைப் பற்றிய ஒரு கொடுக்கல்வாங்கலாக இருந்திருக்கிறது.

இதை ஒரு பெண்ணுக்கு நேர்ந்த வஞ்சனை என்று மட்டும் படித்தால் படத்தின் பாதியை இழந்துவிடுவோம். போருக்குப் பிந்தைய விரைவான வளர்ச்சியான ‘பொருளாதார அதிசயம்’ தங்கள் கைகளின் உழைப்பால் மட்டுமே வந்தது என்று மேற்கு ஜெர்மானியர் நம்ப விரும்பிய ஆண்டுகள் அவை. அமெரிக்காவின் மார்ஷல் உதவித் திட்டமும், 1948ஆம் ஆண்டின் நாணயச் சீர்திருத்தமும், அமெரிக்காவோடு கொண்ட அணிசேர்க்கையும் அவர்களுடைய தலைக்கு மேலே நடந்த பேரங்கள். படத்தின் பின்னணியில் வானொலி பேசிக்கொண்டே இருக்கிறது. பிரதமர் அடெனாவர் முதலில் மீண்டும் படை வேண்டாம் என்கிறார். பிற்பாடு ஒலிபரப்பாகும் உரையில் படை வைத்துக்கொள்ளும் உரிமை நமக்கு உண்டு என்கிறார். இரண்டுக்கும் கதைமாந்தர் எவரும் செவிகொடுப்பதில்லை. ஒரு நாட்டின் மனமாற்றம் கவனிப்பாரின்றிக் காற்றில் கரைந்துபோவதை இவ்வளவு எளிமையாகக் காட்டிய வேறு படத்தை நான் அறியேன்.

கூர்நோக்கன்

நல்ல தொடக்கம். ஆயினும் 1950களின் ஜெர்மனியை முதன்முதலில் கேள்வி கேட்டவர் ஃபாஸ்பிண்டர்தான் என்ற எண்ணம் இங்கே வேரூன்றிவிடக் கூடாது என்பதற்காக, இயக்குநர் வொல்ஃப்காங் ஷ்டவுட்டவின் பெயரைச் சொல்ல வேண்டியிருக்கிறது.

போர் முடிந்தபின் ஜெர்மனியில் எடுக்கப்பட்ட முதல் கதைப்படம் அவருடைய ‘கொலைகாரர்கள் நம்மிடையே’. 1946இல் பெர்லினின் உண்மையான இடிபாடுகளுக்கு நடுவே, சோவியத் படைகளின் ஆளுகையில் இருந்த பகுதியின் டெஃபா திரைப்பட நிறுவனத்துக்காக எடுத்தார். போலந்தில் பொதுமக்களைச் சுட்டுக் கொல்ல ஆணையிட்ட ஓர் அதிகாரி, போருக்குப் பின் ராணுவத் தலைக்கவசங்களிலிருந்து சமையல் பாத்திரம் செய்யும் மதிப்புக்குரிய தொழிலதிபராக வாழ்கிறான். ஷ்டவுட்டவின் மூலக்கதையில் அவனைச் சுட்டுக் கொல்வதே முடிவாக இருந்தது. சோவியத் அதிகாரிகளின் தலையீட்டால் அது வழக்கு மன்றத்துக்கான அழைப்பாக மாற்றப்பட்டது. ஹைன்ரிஷ் மனின் நாவலை வைத்து அவர் எடுத்த ‘அடிபணிபவன்’ (1951) மேற்கு ஜெர்மனியில் தடைசெய்யப்பட்டு, 1957இல்தான், அதுவும் வெட்டப்பட்ட வடிவில், திரைக்கு வந்தது. பின்னர் மேற்குக்கு வந்து எடுத்த ‘அரசு வழக்கறிஞருக்கு ரோஜாக்கள்’ (1959) படத்தில், சாக்லேட் திருடியதற்காக ஒரு சிப்பாய்க்கு மரணதண்டனை கோரிய ராணுவ நீதித்துறை அதிகாரி, போருக்குப் பின் உயர்நிலை அரசு வழக்கறிஞராக இருக்கிறார்.

யூதர்களின் உரிமைகளைப் பறித்த நாஜிகளின் நூரம்பெர்க் இனச்சட்டங்களுக்கு விளக்கவுரை எழுதிய ஹான்ஸ் குளோப்க 1953 முதல் 1963 வரை அடெனாவரின் பிரதமர் அலுவலகத்துக்கே தலைவராக இருந்த நாடு அது. அதை அக்காலத்திலேயே, அந்த மனிதர்கள் பதவியில் இருந்தபோதே, முகத்துக்கு நேரே சொன்னவர் ஷ்டவுட்ட. இருபது ஆண்டுகள் கழித்து, சொல்வதற்கான துணிவுக்குப் பெரிய விலை தேவைப்படாத காலத்தில் வந்தவரை மட்டும் கொண்டாடுவது நியாயமாகுமா?

நெய்தல்நிலம்

ஷ்டவுட்டவின் துணிவைக் குறைத்துச் சொல்ல எனக்கு மனமில்லை. அவர் கிழக்கிலும் மேற்கிலும் சந்தேகத்தோடு பார்க்கப்பட்டவர் என்பதையும் சேர்த்தே சொல்ல வேண்டும். ஆனால் நீங்கள் குறிப்பிட்ட மூன்று படங்களிலும் பார்வையாளர் தன்னிடமிருந்து பிரித்துப் பார்க்கக்கூடிய ஒரு மனிதர் இருக்கிறார். தொழிலதிபரையோ வழக்கறிஞரையோ சுட்டிக்காட்டிவிட்டுப் பார்வையாளர் நிம்மதியாக வீடு திரும்பலாம். மரியா பிரவுனில் அப்படிச் சுட்டுவதற்கு ஒருவரும் இல்லை. நாம் விரும்புகிற, நாம் பக்கம் நிற்கிற, உழைப்பாளியான பெண்ணே கொலை செய்திருக்கிறாள்; அதற்குப்பின் ஒருமுறைகூட அவள் பில்லுக்காகத் துக்கம் காப்பதைப் படம் காட்டுவதில்லை. நாமும் அவனை மறந்துவிடுகிறோம். படம் முடிந்து வெகுநேரம் கழித்தே அது நமக்கு உறைக்கிறது. இந்த மறதிக்குள் பார்வையாளரையும் இழுத்துவிட்டதுதான் ஃபாஸ்பிண்டர் புதிதாகச் செய்தது.

ரைன்கரை

இதுவரை பேசப்பட்டது ஜெர்மானியர்களுக்குள் நிகழ்ந்த கணக்கு. ஜெர்மனியில் நெடுங்காலமாக வாழும் வெளிநாட்டவன் என்ற முறையில், தேசிய அடையாளம் என்ற பேச்சில் ஃபாஸ்பிண்டரை நான் நெருக்கமாக உணர்வது வேறு இரண்டு படங்களில்: ‘கட்ஸல்மாஹர்’ (1969), ‘அச்சம் ஆன்மாவைத் தின்னும்’ (1974).

முதல் படத்தில், மியூனிக்கின் புறநகர்க் குடியிருப்பு ஒன்றில் வேலையும் போக்கிடமும் இல்லாமல் கம்பித் தடுப்பில் உட்கார்ந்து பொழுதுபோக்கும் இளைஞர்களுக்கு நடுவே யோர்கோஸ் என்ற கிரேக்கத் தொழிலாளி வந்து சேர்கிறான். ஃபாஸ்பிண்டரே அந்த வேடத்தை ஏற்றார். அதுவரை ஒருவரையொருவர் ஏமாற்றிக்கொண்டிருந்த கும்பல், அவனை அடிப்பதில் ஒன்றுபடுகிறது. பின்னர் வீட்டு உரிமையாளினி அவனை வெளியேற்றவும் விரும்புவதில்லை, ஏனெனில் அவனிடமிருந்து கூடுதல் வாடகை வாங்க முடிகிறது.

இரண்டாவது படம் ஏறக்குறைய இரண்டு வாரங்களில் எடுக்கப்பட்டது. மேற்கு ஜெர்மனி இத்தாலியோடு 1955இலும், கிரேக்கத்தோடு 1960இலும், துருக்கியோடு 1961இலும், மொராக்கோவோடு 1963இலும் ஒப்பந்தம் செய்து ஆட்களை வரவழைத்தது; 1973 நவம்பரில் எண்ணெய் நெருக்கடியைக் காரணம் காட்டி ஆள்சேர்ப்பை நிறுத்தியது. அதற்குச் சில மாதங்கள் கழித்து, அறுபது வயதை எட்டிய துப்புரவுப் பணியாளரான எம்மியும் அவளைவிட இருபது வயதுக்குமேல் இளையவனான மொராக்கோ தொழிலாளி அலியும் திரையில் திருமணம் செய்துகொண்டார்கள். திருமண விருந்துக்கு எம்மி தேர்ந்தெடுக்கும் இடம் ஹிட்லர் வழக்கமாக உணவருந்திய மியூனிக் உணவகம். தனக்கு நெடுநாள் ஆசை என்று அதை வெள்ளந்தியாகச் சொல்கிறாள். தன் தந்தையைப் போலவே தானும் நாஜிக் கட்சியில் இருந்ததாக, வானிலையைப் பற்றிப் பேசும் அதே குரலில் அலியிடம் சொல்கிறாள். ஃபாஸ்பிண்டர் அவளை இதற்காகத் தண்டிப்பதில்லை, மன்னிப்பதுமில்லை.

படத்தின் முதற்பாதியில் அண்டை வீட்டார், கடைக்காரர், பிள்ளைகள் எல்லோரும் அவர்களைப் புறக்கணிக்கிறார்கள். மகன் புருனோ தொலைக்காட்சிப் பெட்டியை உதைத்து உடைக்கிறான். இது இயக்குநர் டக்ளஸ் சர்க்குக்குச் செலுத்திய மரியாதை. ஹாம்பர்கில் பிறந்து, 1937இல் ஜெர்மனியை விட்டு வெளியேறி, ஹாலிவுட்டில் குடும்பக் கதைகளை எடுத்த அவருடைய படங்களை ஃபாஸ்பிண்டர் 1971வாக்கில் கண்டடைந்தார். சர்க்கின் 1955ஆம் ஆண்டுப் படமொன்றில், தோட்டக்காரனை மறுமணம் செய்ய விரும்பும் தாய்க்குப் பிள்ளைகள் தொலைக்காட்சிப் பெட்டியைப் பரிசளித்து அவளை வீட்டுக்குள் அடைப்பார்கள்.

இரண்டாம் பாதிதான் என்னை உறங்கவிடாதது. எல்லோரும் திரும்பி வருகிறார்கள். பல்பொருள் அங்காடிகளால் வியாபாரம் இழக்கும் கடைக்காரருக்கு வாடிக்கையாளர் தேவை. மகனுக்குக் குழந்தையைப் பார்த்துக்கொள்ள ஆள் தேவை. அண்டை வீட்டாருக்குச் சாமான்களைத் தூக்க அலியின் உடல்வலு தேவை. வெளியிலிருந்து வந்த வெறுப்பு தணிந்ததும் எம்மியே மாறுகிறாள். அவனுக்கு கூஸ்கூஸ் சமைத்துத்தர மறுத்து, ஜெர்மனியில் அதெல்லாம் உண்பதில்லை என்கிறாள். உடன் வேலை செய்யும் பெண்களை அழைத்து அவனுடைய புஜத்தைத் தொட்டுப் பார்க்கச் சொல்கிறாள். ஹெர்ஸகோவினாவிலிருந்து வந்த புதிய துப்புரவுப் பெண் மாடிப்படியில் தனியே உட்கார்ந்து உண்ண, முன்பு அதே இடத்தில் ஒதுக்கப்பட்டிருந்த எம்மி இப்போது ஒதுக்குபவர்களோடு சேர்ந்து நிற்கிறாள். இறுதியில் அலி வயிற்றுப் புண் வெடித்து மயங்கி விழுகிறான். அயல்நாட்டுத் தொழிலாளர்களுக்கு மன அழுத்தத்தால் இது அடிக்கடி வருவதாகவும், குணமானாலும் ஆறு மாதத்தில் திரும்பி வந்துவிடுவான் என்றும் மருத்துவர் சொல்கிறார்.

நெய்தல்நிலம் சொன்ன ‘விலையை யார் கொடுக்கிறார்கள்’ என்ற கேள்வி இங்கேதான் எனக்கு முழுமையடைகிறது. ‘அதிசயத்தின்’ விலையில் ஒரு பகுதி அலியின் வயிற்றில் எழுதப்பட்டிருக்கிறது.

அகல்வெளி

அனைவரும் மனமாரப் பாராட்டிக்கொண்டிருக்கும் இடத்தில் ஒரு கடுமையான கேள்வியை வைக்க வேண்டியிருக்கிறது, பொறுத்துக்கொள்ளவும். போருக்குப் பிந்தைய ஜெர்மனியைப் பற்றிய இந்தப் படங்களில் கொல்லப்பட்ட யூதர்கள் எங்கே? மரியா பிரவுனில் இடிபாடுகள் உண்டு, பசி உண்டு, கள்ளச்சந்தை உண்டு, காணாமற்போன கணவர்கள் உண்டு. எல்லாமே ஜெர்மானியர் இழந்தவை. தங்களைத் தாங்களே பலியானவர்களாகக் காண விரும்பிய ஒரு சமூகத்துக்கு அந்தப் படம் பெருவெற்றியாக அமைந்ததில் வியப்பில்லை என்று ஒருவர் சொன்னால் என்ன மறுமொழி தருவீர்கள்?

அதைவிடப் பெரிய சிக்கல் 1975இல் அவர் எழுதிய ‘குப்பை, நகரம், மரணம்’ என்னும் நாடகம். ஃபிராங்க்ஃபர்ட்டில் வீடுகளை வாங்கி இடித்துக் கொழுக்கும் பாத்திரத்துக்கு அவர் பெயரே வைக்கவில்லை. ‘பணக்கார யூதர்’ என்று மட்டும் அழைத்தார். ஜூர்காம்ப் பதிப்பகம் 1976இல் நூலைத் திரும்பப் பெற்றது. 1985 அக்டோபர் 31 அன்று ஃபிராங்க்ஃபர்ட்டில் அது மேடையேற இருந்தபோது, அந்நகர யூத சமூகத்தினர் மேடையிலேயே ஏறி நின்று நிகழ்ச்சியைத் தடுத்தார்கள். அவர்களில் முகாம்களில் இருந்து உயிர் தப்பியவர்களும் இருந்தார்கள். சிறுபான்மையினரைப் பலியாக மட்டும் காட்டாமல் அதிகாரமுள்ளவராகவும் காட்டும் உரிமை கலைஞனுக்கு உண்டு என்ற வாதத்தை நான் அறிவேன். ஆனால் முப்பது ஆண்டுகளுக்கு முன்பு நாஜி இதழ்கள் தீட்டிய சித்திரத்தை அதே நகரத்தில் மீண்டும் வைத்துவிட்டு, வெறுப்பைப் பேசுபவர்கள் பாத்திரங்கள்தாம், நான் அல்ல என்று சொல்வது போதுமானதாக எனக்குத் தோன்றவில்லை.

நெய்தல்நிலம்

அகல்வெளி அவர்களுக்கு: நாடகத்தைப் பற்றி உங்களோடு வாதிடப்போவதில்லை. பெயரில்லாத அந்தப் பாத்திரம் ஒரு தோல்வி. ஊழல் நிறைந்த நகராட்சி தன் அழுக்கு வேலைக்கு யாரும் குறைசொல்லத் துணியாத ஒருவரைப் பயன்படுத்திக்கொள்கிறது என்று சொல்வதே அவருடைய நோக்கம் என்பதைப் படித்தறிய முடியும். அரங்கில் அமர்ந்திருப்பவருக்கு அந்த நோக்கம் எட்டாது.

ஆனால் படங்களைப் பொறுத்தவரை ‘வெரோனிகா வோஸ்’ இருக்கிறது, அதைக் கணக்கில் சேர்க்காமல் இந்தக் கேள்விக்கு விடை சொல்ல முடியாது. 1955, மியூனிக். நாஜி காலத்தில் உஃபா திரைப்பட நிறுவனத்தின் நட்சத்திரமாக இருந்து, இப்போது எவருக்கும் வேண்டாதவளாகிவிட்ட நடிகை வெரோனிகா. 1955இல் தற்கொலை செய்துகொண்ட உண்மை நடிகை சிபிலெ ஷ்மிட்ஸின் வாழ்க்கை இதற்கு ஊற்று. மருத்துவர் காட்ஸ் என்ற பெண்மணி மார்ஃபின் கொடுத்துக் கொடுத்து அவளுடைய உடைமைகளை எழுதி வாங்கிக்கொள்கிறார். அதே மருத்துவரிடம் வரும் இன்னும் இரண்டு நோயாளிகள், பழம்பொருள் கடை நடத்தும் ஒரு முதிய தம்பதி. அவர்கள் ட்ரெப்ளிங்கா கொலைமுகாமில் இருந்து மீண்ட யூதர்கள். நினைவுகளைத் தாங்குவதற்கு அவர்களுக்கும் மார்ஃபின்தான் தேவைப்படுகிறது; பணம் தீர்ந்ததும் மருந்து நிறுத்தப்பட, இருவரும் சேர்ந்து இறந்துபோகிறார்கள்.

நாஜி ஆட்சி மினுக்கிய நடிகையும் அந்த ஆட்சி கொல்ல முயன்ற தம்பதியும் ஒரே வெள்ளை அறையில், ஒரே ஊசிக்காகக் காத்திருக்கிறார்கள். இருவரையும் சமமாக்குகிறார் என்று குற்றம் சாட்டலாம். அந்த ஆபத்து அங்கே இருக்கிறது. எனினும் காட்சிகள் சமமாக இல்லை. வெரோனிகா தன் பழைய புகழைப் பற்றிப் பேசிக்கொண்டே இருக்கிறாள், அந்தத் தம்பதி ஏறக்குறைய எதுவும் பேசுவதில்லை. உடல்நலத்துறை அதிகாரியும் காட்ஸுக்கு உடந்தை என்பதால் உண்மையைக் கண்டுபிடித்த விளையாட்டுச் செய்தியாளன் க்ரோன் ஒன்றும் செய்ய முடியாமல் தன் பழைய வேலைக்கே போகிறான். வலியை ஆற்றாமல் மரத்துப்போகச் செய்து, அதற்கும் கட்டணம் வாங்கும் ஒரு சமூகத்தை இதைவிடக் கடுமையாக அவர் எங்கும் வரையவில்லை. பெர்லின் திரைப்பட விழா இதற்குத்தான் தங்கக் கரடியை 1982 பிப்ரவரியில் கொடுத்தது. நான்கு மாதங்களில் அவர் இறந்துவிட்டார்.

மரியா பிரவுனில் யூதர்கள் இல்லை என்பது உண்மை. மரியாவின் உலகில் அவர்கள் இல்லாததை எவரும் கவனிக்கவில்லை என்பதும் உண்மை. அது படத்தின் குறையா, படம் காட்டும் குறையா என்பதில் நாம் இருவரும் வேறுபடக்கூடும்.

மாலைநிரை

நான் திரைப்படக் கல்வி பயிலும் மாணவி. ‘இலையுதிர்காலத்து ஜெர்மனி’ (1978) பற்றி எவரும் சொல்லவில்லையே? 1977இல் தொழிலதிபர் கூட்டமைப்பின் தலைவரும் ஹிட்லரின் எஸ்.எஸ். படையின் முன்னாள் உறுப்பினருமான ஷ்லையர் இடதுசாரித் தீவிரவாதக் குழுவான ஆர்.ஏ.எஃப்.ஆல் கடத்தப்பட்டு, விமானக் கடத்தல் மொகடிஷுவில் முறியடிக்கப்பட்டு, ஷ்டாம்ஹைம் சிறையில் அக்குழுவின் பாடர், என்ஸ்லின், ராஸ்ப மூவரும் இறந்து, ஷ்லையரும் கொல்லப்பட்ட அந்த வாரங்களைப் பற்றிப் பல இயக்குநர்கள் சேர்ந்து எடுத்த படம். தன் பகுதியில் ஃபாஸ்பிண்டர் தன் இருண்ட மியூனிக் வீட்டில், தன் தாயையே எதிரே உட்காரவைத்துக் கேள்வி கேட்கிறார். தாய் முதலில் சனநாயகத்தை ஆதரிப்பதாகத்தான் சொல்கிறார். மகன் விடாமல் நெருக்க, நெருக்க, நல்லவரும் அன்பானவருமான ஓர் அதிகாரத் தலைவர் இருந்தால் அதுவே சிறந்தது என்ற விடைக்கு வந்து சேர்கிறார்.

எனக்கு அந்தக் காட்சியில் தாயைவிட மகன்மீதுதான் அதிர்ச்சி ஏற்பட்டது. வீட்டில் உடன் வாழும் துணைவரிடம் அவர் கத்துகிறார், விரட்டுகிறார், அடக்குகிறார். சனநாயகம் பேசுபவரின் வீட்டுக்குள் சனநாயகம் இல்லை என்பதை அவர் தெரிந்தே கேமராவுக்கு முன் வைக்கிறாரா? இன்னொரு கேள்வியும் உண்டு. மரியா பிரவுனின் இறுதியில் வரும் பிரதமர் படங்களில் வில்லி பிராண்ட் ஏன் இல்லை?

கூர்நோக்கன்

முதல் கேள்விக்கு: தெரிந்தேதான் வைக்கிறார் என்று நினைக்கிறேன். அந்தப் பகுதியின் இயக்குநர் அவர். தன்னை நல்லவராகக் காட்டும் காட்சிகளை வைத்துக்கொண்டு மற்றவற்றை நீக்க அவருக்கு முழு வாய்ப்பு இருந்தது. அந்தத் தாய், லிலோ பெம்பைட் என்ற பெயரில், அவருடைய பல படங்களில் நடித்தவர் என்பதையும் நினைவில் கொள்ளுங்கள். இருவருக்குமே கேமரா புதிதல்ல. ஷ்டவுட்டவின் பக்கம் நின்று பேசத் தொடங்கியவன் நான். இந்த அரைமணி நேரத்துக்கு நிகரான ஒன்று ஷ்டவுட்டவிடம் இல்லை என்பதைச் சொல்ல எனக்குத் தயக்கமில்லை.

இரண்டாவது: படம் தொடங்கும்போது சுவரில் ஹிட்லரின் படம், குண்டுவெடிப்பில் சிதறுகிறது. முடிவில், 1954 ஜூலை 4 அன்று பெர்னில் நடந்த உலகக்கோப்பை இறுதியாட்டத்தில் ஜெர்மனி ஹங்கேரியை 3–2 என வென்றதை வர்ணனையாளர் வானொலியில் கத்திக்கொண்டிருக்க, எரிவாயு கசிந்த வீட்டில் மரியா சிகரெட்டைப் பற்றவைக்க, மீண்டும் வெடிப்பு. அதன்பின் அடெனாவர், எர்ஹார்ட், கீசிங்கர், ஷ்மிட் ஆகியோரின் படங்கள் புகைப்பட நெகட்டிவ் போன்ற எதிர்மறைப் பிம்பங்களாக வருகின்றன. கீசிங்கர் 1933லேயே நாஜிக் கட்சியில் சேர்ந்தவர். பிராண்ட் அதே ஆண்டில் நார்வேக்குத் தப்பிச்சென்றவர், 1970 டிசம்பரில் வார்சாவில், நாஜிகளுக்கு எதிராக யூதர்கள் நடத்திய கெட்டோ எழுச்சியின் நினைவுச்சின்னத்தின் முன் மண்டியிட்டவர். அவருடைய 1969–74 ஆட்சியைத் தொடர்ச்சியில் விழுந்த ஓர் இடைவெளியாக ஃபாஸ்பிண்டர் கருதினார் என்றே பெரும்பாலோர் படிக்கிறார்கள், நானும் அப்படியே.

ஆனால் வரிசையின் கடைசியைக் கவனியுங்கள். ஷ்மிட்டின் படம் மட்டும் எதிர்மறையிலிருந்து நேர்ப்பிம்பமாக மாறுகிறது. படம் வெளிவந்தபோது ஆட்சியில் இருந்தவர் அவர். 1977இன் அந்த வாரங்களில் முடிவுகளை எடுத்தவரும் அவர். எனவே நீங்கள் குறிப்பிட்ட 1978ஆம் ஆண்டுப் படத்தை முதலிலும் மரியா பிரவுனை அதையடுத்தும் பாருங்கள். ‘லோலா’வைக் கடைசியில் வைத்துக்கொள்ளுங்கள். அதில் நேர்மையான கட்டட அதிகாரி ஃபான் போம் ஒப்பந்ததாரர் ஷுக்கர்ட்டின் கூட்டத்தோடு சமாதானமாகி, லோலாவையும் மணந்துகொண்டு, தான் மகிழ்ச்சியாக இருப்பதாகவே சொல்கிறார். மூன்று படங்களில் எவரும் சாகாமல் முடிவது அது ஒன்றுதான், எனக்கு மிகவும் அச்சமூட்டுவதும் அதுவே.